பெயரும் குறியும்

மனிதர் பெயருக்கும் ஊர்ப் பெயருக்கும் அர்த்தம் கிடையாது என்று ஜான் ஸ்டூவர்ட் மில் 1843-இல் வெளியிட்ட தன் தர்க்க நூலில் சொல்கிறார். பெயர் ஒன்றைச் சுட்டும். அதைப் பற்றி எதுவும் சொல்லாது. டார்ட்மத் என்ற ஊர் டார்ட் நதியின் முகத்துவாரத்தில் இருந்ததால் அந்தப் பெயரைப் பெற்றிருக்கலாம். நாளைக்கு முகத்துவாரம் மணல் மூடிப் போனாலும், பூகம்பம் வந்து நதி தடம் மாறினாலும் ஊரின் பெயர் மாறவேண்டிய அவசியம் இல்லை. பெயர் வைத்ததற்கு ஒரு காரணம் இருந்திருக்கும். காரணம் வேறு, பொருள் வேறு.

தென்னேரிக்காரனுக்கு இது புரியாத விஷயம் இல்லை. எங்கள் ஊர்ப் பெயர் 'திரையன் ஏரி' என்பதன் மரூஉ என்பார்கள். திரையன் என்றால் காஞ்சியை ஆண்ட தொண்டைமான் இளந்திரையன்; பெரும்பாணாற்றுப்படை அவன் மேல் பாடப்பட்டது. ஊரில் திரையனை நினைப்பவர் யாரும் இல்லை. தெற்கு ஏரி என்று சிலர் சொல்வார்கள். எதற்குத் தெற்கு என்று கேட்டால் பதில் வராது. தேன் ஏரி என்று கவித்துவம் கொள்பவர்களும் உண்டு. மூன்றில் எது நிஜமானாலும் பஸ்ஸின் பெயர்ப்பலகைக்கு அக்கறை கிடையாது. ஏரி வறண்டு உள்வாயில் மாடு மேய்கிற வருஷங்களிலும் ஊர் தென்னேரிதான். இதுவரை மில் ஜெயிக்கிறார்.

மனிதர் பெயர் என்று வரும்போதுதான் எனக்கு அவரோடு தகராறு. அதுவும் அவர் எடுத்தாளும் உதாரணத்தை வைத்தே. ஆயிரத்தொரு இரவுகளில் வரும் அலிபாபா கதையில், வீட்டைத் திரும்ப அடையாளம் கண்டுகொள்வதற்காகத் திருடன் கதவில் சாக்கட்டியால் ஒரு குறி போட்டுவிட்டுப் போகிறான். அந்தக் குறி வீட்டைப் பற்றி எதையும் தெரிவிப்பதில்லை. இது இன்னார் வீடு என்றோ, உள்ளே பொன் இருக்கிறது என்றோ அதற்கு அர்த்தம் இல்லை. மற்ற வீடுகளிலிருந்து பிரித்துக் காட்டுவது ஒன்றே அதன் வேலை. பெயரும் அத்தகைய குறிதான் என்கிறார் மில். தர்க்கம் கச்சிதமாகத்தான் இருக்கிறது. ஆனால் திருடன் குறி போட்டது எதற்கு? இரவில் ஆட்களோடு திரும்பி வந்து உள்ளே இருப்பவனைக் கொல்வதற்கு. குறிக்கு அர்த்தம் இல்லாமல் போகட்டும். போட்டவனுக்கு உத்தேசம் இருந்தது. கதையில் இதைப் புரிந்துகொள்கிறவள் தத்துவவாதி அல்ல, வீட்டு அடிமைப் பெண். (1956-இல் வந்த நம் சினிமாவில் பானுமதி.) மார்ஜியானா குறியை அழிக்கவில்லை. பக்கத்துக் கதவுகளிலெல்லாம் அதே குறியைப் போட்டுவிட்டாள்.

நம்மிடையே ஒருவன் தன் பெயரைச் சொன்னதும், கேட்கிறவன் முகத்தில் ஒரு சின்னக் காத்திருப்பு தோன்றுவதைக் கவனித்திருக்கிறீர்களா? பெயர் முடிந்துவிட்டது என்பதை அந்த முகம் ஒப்புக்கொள்வதில்லை. இன்னும் ஒரு சொல் பாக்கி இருப்பதாகக் காது திறந்தே இருக்கிறது. நூறு வருஷங்களுக்கு முன்னால் அந்தச் சொல் தவறாமல் வந்தது: முதலியார், நாயக்கர், செட்டியார், ஐயர். 1927 டிசம்பரில் பெரியார் 'குடி அரசு' இதழில் தன் பெயரிலிருந்து நாயக்கரை நீக்கினார். 1929 பிப்ரவரி 17, 18 தேதிகளில் டபிள்யூ.பி.ஏ. சௌந்தரபாண்டியன் தலைமையில் செங்கல்பட்டில் கூடிய முதல் மாகாண சுயமரியாதை மாநாடு, பெயரோடு சாதிப் பட்டத்தைச் சேர்த்துக்கொள்வதை விட்டொழிக்க வேண்டும் என்று தீர்மானம் போட்டது. தென்னேரி அன்று செங்கல்பட்டு ஜில்லாவில் இருந்தது என்பதில் எனக்குக் கொஞ்சம் பெருமை உண்டு.

இந்தத் தீர்மானத்தை அரசியல் சரித்திரமாக மட்டும் படிக்கிறோம். அது பெயரைப் பற்றிய ஒரு தத்துவ நிலைப்பாடும்கூட என்பது என் எண்ணம். மில்லின் உலகத்தில் பெயர் பிறக்கும்போதே வெறுமையாகப் பிறக்கிறது. நமக்கோ அந்த வெறுமையை மேடையேறித் தீர்மானம் போட்டுச் சம்பாதிக்க வேண்டியிருந்தது. சொந்தக்காரனைப் பற்றி ஒன்றும் சொல்லாத பெயர் என்பது அவருக்குத் தர்க்கத்தின் ஆரம்பம். நமக்கு அது ஒழுக்கத்தின் இலக்கு. அவருடைய தேசத்திலும் இது எப்போதும் இப்படி இருந்ததில்லை. ஸ்மித் என்றால் கொல்லன், டெய்லர் என்றால் தையல்காரன். தாட்சர் என்றால் கூரை வேய்கிறவன். அந்தப் பெயரோடு ஒரு அம்மாள் 1979 முதல் 1990 வரை பிரதம மந்திரியாக இருந்தார், யாரும் கூரையை நினைத்துக்கொள்ளவில்லை. தொழில் அங்கே பெயரிலிருந்து உதிர்ந்ததற்கு மொழியின் மகிமை காரணமில்லை. முதலில் அது மனிதனிடமிருந்து உதிர்ந்தது. பிறகுதான் பெயர் வெறும் குறியாயிற்று.

ஆனால் ஒரு சங்கடம் இருக்கிறது, நம் பகுத்தறிவாளர்கள் அதை அதிகம் பேசுவதில்லை. பட்டத்தைத் துறக்கப் பட்டம் இருக்க வேண்டும். முதலியார் முதலியாரை விட்டால் அது தியாகம்; அவர் விட்ட பிறகும் தெருவில் நாலு பேர் அவரை முதலியார் என்றே கூப்பிடுவார்கள் என்பது வேறு கதை. சேரியில் இருந்தவன் எதை விடுவான்? அவனுக்குச் சாதிப் பெயர் என்பது பெயருக்குப் பின்னால் வருகிற மரியாதை அல்ல, பெயருக்குப் பதிலாக வருகிற கூப்பாடு. அதை விடும் அதிகாரம் அவனிடம் இல்லை, கூப்பிடுகிறவனிடம் இருந்தது.

இதே பழைய செங்கல்பட்டு ஜில்லாவில், கோழியாளத்தில் பிறந்தவர் இரட்டைமலை சீனிவாசன். இரட்டைமலை ஏதோ ஊர் என்று பலர் நினைக்கிறார்கள்; அது அவர் தகப்பனார் பெயர். 1893-இல் அவர் பத்திரிகை தொடங்கியபோது அதற்கு 'பறையன்' என்று பெயரிட்டார். வசையாகப் புழங்கிய சொல் பத்திரிகையின் தலையில் அச்சாகி வந்தது. அயோத்திதாசர் இதற்கு நேர்மாறானவர். காத்தவராயன் என்று பெற்றோர் இட்ட பெயரை விட்டுத் தன் ஆசிரியரின் பெயரை எடுத்துக்கொண்டவர்; அந்தச் சாதிப் பெயர் பிறர் பகையால் சுமத்தியது, அதை நாம் உச்சரிக்கவே கூடாது என்று வாதாடியவர். 1922-இல் எம்.சி. ராஜா சட்டசபையில் தீர்மானம் கொண்டுவந்து, அரசாங்க ஏடுகளில் ஆதி திராவிடர் என்ற பெயர் ஏறியது. சீனிவாசன், அயோத்திதாசர் இருவரில் யார் பக்கம் சரி என்று தீர்ப்புச் சொல்ல நான் யார்? ஆனால் மார்ஜியானாவின் புத்திக்கு நெருக்கமானது சீனிவாசன் செய்த காரியம் என்று தோன்றுகிறது. சாக்கட்டியைத் திருடன் கையிலிருந்து வாங்கித் தன் கையால் குறி போடுகிறவனுக்கு முன்னால் திருடன் ஒரு நிமிஷமாவது குழம்பித்தான் ஆகவேண்டும்.

பெயர் வெறும் குறி என்பது யாருக்கு உண்மை, யாருக்கு இல்லை என்பதற்கு 1997-ஐவிடத் தெளிவான சோதனை எனக்குத் தெரியவில்லை. அதுவரை தமிழ்நாட்டின் பஸ்கள் சேரன், சோழன், பாண்டியன், கட்டபொம்மன் என்று பெயர் தாங்கி ஓடிக்கொண்டிருந்தன. பாண்டியனில் ஏறியவர் எவரும் பாண்டியனை நினைத்து ஏறவில்லை. மில் சொன்னபடியே பெயர் பஸ்ஸைச் சுட்டியது, அவ்வளவுதான். அந்த வருஷம் விருதுநகரைத் தலைமையிடமாக வைத்து ஒரு புதிய கழகத்துக்கு வீரன் சுந்தரலிங்கம் பெயர் சூட்டப்பட்டது. கட்டபொம்மனின் தளபதி என்று போற்றப்படுகிறவர், தேவேந்திரர். உடனே பஸ்ஸுக்கு அர்த்தம் வந்துவிட்டது. அந்தப் பெயர் எழுதிய வண்டியில் ஏறமாட்டோம் என்றார்கள். கலவரம் நடந்தது, உயிர்கள் போயின. கட்டபொம்மன் பெயரில் கால் நூற்றாண்டுக்கு அருகே ஓடிய பஸ், அவன் தளபதியின் பெயரில் சில வாரங்கள்கூட நிம்மதியாக ஓட முடியவில்லை. அரசாங்கம் என்ன செய்தது? எல்லாக் கழகங்களிலிருந்தும் எல்லா மாவட்டங்களிலிருந்தும் எல்லாத் தலைவர் பெயர்களையும் ஒரே வீச்சில் எடுத்துவிட்டது. செங்கை எம்.ஜி.ஆர். மாவட்டமாக இருந்த எங்கள் மாவட்டம் காஞ்சிபுரம் ஆனதும் அந்த வருஷம்தான். எல்லாக் கதவுகளையும் ஒன்றுபோல ஆக்கியது என்று இதைப் பாராட்டுபவர்கள் இருக்கிறார்கள். எனக்கு அப்படித் தோன்றவில்லை. ஒரு பெயரைச் சகிக்காதவர்களுக்காக மற்ற பெயர்களும் காவு கொடுக்கப்பட்டன. மார்ஜியானா காப்பாற்றியது வீட்டில் இருந்தவனை, திருடனின் மனச்சாந்தியை அல்ல.

தென்னேரிக்குத் தெற்கே உத்திரமேரூர். வைகுண்டப் பெருமாள் கோயில் சுவரில் முதலாம் பராந்தகன் காலத்துக் கல்வெட்டுகள், 919-லும் 921-லும் வெட்டப்பட்டவை, குடவோலை முறையை விவரிக்கின்றன. பாடப்புத்தகத்தில் ஜனநாயகத்தின் தொட்டில் என்று படித்திருப்போம். எனக்கு அதில் பிடித்தது வேறு. முப்பது குடும்புகளிலும் தகுதி உள்ளவர்களின் பெயர்களை ஓலையில் எழுதி, குடும்புவாரியாகக் கட்டி, குடத்தில் இடுவார்கள். குடத்தைத் தூக்கிச் சபைக்குக் காட்டிய பிறகு, எழுத்தின் உருவம் அறியாத ஒரு சிறுவனைக் கூப்பிட்டு எடுக்கச் சொல்வார்கள். அவன் எடுத்துத் தந்த ஓலையை மத்தியஸ்தன் ஐந்து விரலும் விரித்த உள்ளங்கையில் வாங்கி வாசிக்க வேண்டும். ஏரி வாரியத்துக்கு ஆறு பேர், தோட்ட வாரியத்துக்குப் பன்னிரண்டு பேர், சம்வத்சர வாரியத்துக்குப் பன்னிரண்டு பேர். பெயர் சுத்தமான குறியாக ஆகிற ஒரு கணம் உலகத்தில் இருக்குமானால் அது இதுதான்: படிக்கத் தெரியாத குழந்தையின் விரல்களுக்கு இடையே ஒரு ஓலை. அதில் இருப்பது யார் பெயரானாலும் அந்த விரல்களுக்கு ஒன்றுதான்.

சரி, குடத்துக்குள் எந்த ஓலை போயிற்று? கால் வேலிக்கு மேல் இறை கட்டும் நிலம், சொந்த மனையில் வீடு, முப்பத்தைந்துக்கு மேல் எழுபதுக்குக் கீழ் வயது, வேதப் பயிற்சி. பிரமதேய சபை அது. பெண் பெயர் இல்லை, ஏரியில் மண் சுமந்தவன் பெயர் இல்லை. குடத்துக்கு வெளியே எல்லாம் தீர்மானமான பிறகுதான் குடத்துக்குள் பெயர்கள் சமமாகின்றன. நிபந்தனைகளையெல்லாம் வாசலிலேயே முடித்துவிட்டால் உள்ளே தத்துவம் பேசுவது சுலபம். மில்லின் குடம் எது என்றும் யோசிக்கலாம். கிழக்கிந்தியக் கம்பெனியில் வெகுகாலம் உத்தியோகம் பார்த்தவர் அவர்.

பட்டம் போன பின் நம் பெயரில் மிஞ்சியது தகப்பன் எழுத்து. இதை இங்கிலீஷ் பழக்கம் என்று நினைப்பது பாதிதான் சரி. மகன் பெயருக்கு முன்னால் தகப்பன் பெயரை ஒட்டுவதற்குத் தொல்காப்பியத்தில் புணர்ச்சி விதியே இருக்கிறது. கொற்றன் மகன் கொற்றன் என்றால் கொற்றங்கொற்றன் என்று உரைகாரர்கள் உதாரணம் தருவார்கள். இதைவிட விநோதம், எதிர்த்திசையிலும் விதி உண்டு. ஆதனின் தந்தை ஆந்தை, பூதனின் தந்தை பூந்தை. பிசிராந்தையார் என்றால் பிசிர் என்ற ஊரைச் சேர்ந்த ஆதன் தந்தையார். கோப்பெருஞ்சோழனோடு நட்புக்காக உயிர்விட்டவர் என்று நாம் கொண்டாடுகிற மனிதருக்கு நம்மிடம் இருப்பது ஊர்ப் பெயரும் பிள்ளை பெயரும்தான். சொந்தப் பெயர் தெரியாது. அதனால் அவருக்கு ஒன்றும் குறைந்துவிடவில்லை.

நம் சிறுபத்திரிகைக்காரர்கள் இந்த விஷயத்தில் தனி ஜாதி. 'எழுத்து' தொடங்கிய 1959-இலிருந்து நாம் ஒருவரையொருவர் எழுத்துகளாலேயே அழைத்து வந்திருக்கிறோம்: க.நா.சு., சி.சு.செ., லா.ச.ரா. ஊரும் தகப்பனும் பெயரும் ஒரே அளவில் சுருங்கி, மூன்று புள்ளிகளுக்கு நடுவே சமமாக நிற்கின்றன. இல்லாவிட்டால் புனைபெயர். மணி மௌனி ஆனார், துரைசாமி நகுலன் ஆனார், ரங்கநாதன் ஞானக்கூத்தன் ஆனார். பிரமிள் ஆயுள் முழுக்கத் தன் பெயரைத் திருத்திக்கொண்டே இருந்தார். தனக்குத் தானே பெயர் வைத்துக்கொள்வது சுதந்திரம் என்று எழுதிவிடலாம். ஆனால் சூரியநாராயண சாஸ்திரியார் தன்னைத் தமிழாக்கிப் பரிதிமாற் கலைஞர் ஆனபோது சூரியன் பரிதியாகி, நாராயணன் மாலாகி, கூடவே சாஸ்திரியும் கலைஞராக மொழிபெயர்ந்து வந்து சேர்ந்தது. மொழி மாறினால் பட்டம் போய்விடும் என்பதற்கு உத்தரவாதம் ஏதும் இல்லை.

தகப்பன் எழுத்தில் சாதி இல்லை, அது பெரிய விஷயம். ஆனால் அதில் பெண் எங்கே இருக்கிறாள் என்பது நான் தினமும் பார்க்கிற கேள்வி. கல்யாணத்துக்கு முன் ஒரு எழுத்து, பின் ஒரு எழுத்து. பள்ளிக்கூடச் சான்றிதழில் ஒன்று, ஆதாரில் ஒன்று. கவுண்டரில் கணக்குத் தொடங்க வருகிற வயதான பெண்ணிடம் புருஷன் பெயர் கேட்டால், இன்றைக்கும் சிலர் வாயால் சொல்வதில்லை. பக்கத்தில் நிற்பவளைப் பார்த்து, "நீ சொல்லுக்கா" என்பார்கள். அக்காள் சொல்வாள், நான் எழுதுவேன். ஆயுள் முழுக்க உச்சரிக்காத பெயரின் முதல் எழுத்தைத்தான் அந்த அம்மாள் தன் பெயருக்கு முன்னால் சுமக்கிறாள். அவள் பெயரையோ வேறு யாரும் சொல்வதில்லை; இன்னாருடைய அம்மா என்றுதான் ஊருக்குத் தெரியும். பிசிராந்தையார் கதிதான், ஆனால் இவளைப் புறநானூற்றில் சேர்க்க யாரும் இல்லை. முன்னெழுத்தையும் தமிழிலேயே எழுத வேண்டும் என்று 2021-இல் அரசாணை வந்தது. நல்லதுதான். எந்த மொழியில் எழுதினாலும் அது யாருடைய எழுத்து என்று அரசாணை கேட்கவில்லை.

பெயர் ஒரு சங்கிலி என்று 1970-இல் பிரின்ஸ்டனில் பேசியபோது சால் கிரிப்கி சொன்னார். தொடக்கத்தில் ஒரு பெயர்சூட்டு. பிறகு ஒருவர் வாயிலிருந்து மற்றவர் வாய்க்கு அது கைமாறி வருகிறது. சங்கிலி அறுபடாதவரை பெயர் அதே ஆளைத்தான் சுட்டும். மில்லைவிட இது எனக்கு நெருக்கம், காரணம் இதில் வாய்கள் வருகின்றன. கிரிப்கியின் வாய்கள் பெயரை அப்படியே அடுத்தவருக்குக் கொடுக்கின்றன. எங்கள் பக்கத்து வாய்கள் அப்படிக் கொடுப்பதில்லை. குழந்தைகள் செத்துச் செத்துப் பிறந்த வீட்டில் எமனை ஏமாற்றக் குப்பையில் புரட்டி எடுத்துக் குப்பன் என்றும் பிச்சை என்றும் பெயர் வைப்பார்கள். அது அன்பின் தந்திரம். திருத்தணிப் பக்கத்தில் பெண்ணாகப் பிறந்தவளுக்கு 'வேண்டாம்' என்று பெயர் வைப்பார்கள்; அதில் அன்பு இருந்தால் அது அடுத்த பிறவிக்காரனுக்கு. ரேஷன் கார்டில் முனுசாமி என்று இருக்கிறவன் ஊர்த்தெருவுக்கு வந்ததும் முனியன் ஆவான். 'சாமி' என்ற இரண்டு எழுத்தை வாய் தர மறுக்கும். சாதிப் பட்டம் சேர்த்துச் சொல்வதைத் தீர்மானத்தால் நிறுத்தலாம். இருக்கிற பெயரைக் குறைத்துச் சொல்வதை எந்தத் தீர்மானம் நிறுத்தும்?

இப்போது வேறொரு குடம் வந்திருக்கிறது. படிவத்தில் இரண்டு கட்டங்கள்: பெயர், குடும்பப் பெயர். குடும்பப் பெயர் இல்லாதவன் விமான நிலையத்தில் சந்தேகத்துக்குரியவன். ஒற்றைப் பெயர் உள்ள பாஸ்போர்ட்டோடு பார்வையாளராக வருகிறவர்களை அனுமதிப்பதில்லை என்று ஐக்கிய அரபு அமீரகம் 2022 நவம்பரில் சொல்லிவிட்டது. அமெரிக்க விசாவில் அவன் ஒற்றைப் பெயரைக் குடும்பப் பெயர்க் கட்டத்தில் போட்டுவிட்டு, மற்றக் கட்டத்தில் முதற்பெயர் தெரியவில்லை என்பதற்கு மூன்று ஆங்கில எழுத்துகளை அச்சிடுகிறார்கள். நூறு வருஷம் முன்பு செங்கல்பட்டில் வெட்டிய வால் இருந்திருந்தால் இந்தக் கட்டத்தில் கச்சிதமாகப் பொருந்தியிருக்கும் என்று ஒரு நண்பர் கேலி செய்தார். மற்ற மாநிலத்துக்காரர்கள் அப்படித்தான் சிரமம் இல்லாமல் போய்வருகிறார்கள். நம் பிள்ளைகள் வேறு வழியில்லாமல் தகப்பன் பெயரை அந்தக் கட்டத்தில் நிரப்புகிறார்கள். கட்டத்தில் விழுந்த பெயர் பேரன் பேத்திக்கும் தொடரும்.

ஆக, டல்லஸிலோ டொராண்டோவிலோ ஒரு சின்னப் பெண்ணின் குடும்பப் பெயர் முனுசாமி என்று இருக்கப்போகிறது. பள்ளியில் டீச்சர் வருகைப் பதிவேட்டைப் பார்த்து, தடுக்கித் தடுக்கி, ஒரு எழுத்தையும் விடாமல் வாசிப்பாள். சாதி தெரியாது, சாமியும் தெரியாது. முழுசாக நான்கு எழுத்து.